தபால் மாப்பிள்ளையின் கடைசிக் காட்சி

எனக்கு நடந்த பிரிவுபசார விழாவில் பேசியவர்கள் எல்லோரும் ஒரே படத்தைத்தான் என் சாதனையாகச் சொன்னார்கள். நான் மேசை விரிப்பைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். தன்னடக்கம் என்று நினைத்துக் கைதட்டினார்கள். அது தன்னடக்கம் இல்லை. நம் திரைப்படக் காப்பகத்தில் தொலைந்த படங்களைத் தேடும் பிரிவுக்கு உங்களையெல்லாம் போட்டிருப்பதாகக் கேள்விப்பட்டதால், அன்று நான் ஏன் நிமிரவில்லை என்பதை உங்களிடம் சொல்லிவிடலாம் என்று தோன்றியது. சுருளை எப்படித் தூக்குவது, எந்தக் குளிரில் வைப்பது என்பதெல்லாம் பயிற்சியில் வந்துவிடும். இது வராது.

படத்தின் பெயர் ‘தபால் மாப்பிள்ளை’. பேசாப் படம். அதற்கு முன்பு அது மேடை நாடகமாக ஊர் ஊராக ஓடியது. கதை இதுதான். ரங்கூனில் இருக்கும் மாப்பிள்ளையைக் கடிதத்திலேயே பேசி முடித்துவிடுகிறார்கள். அவன் முகத்தை யாரும் பார்த்ததில்லை. அவன் வருவதாகச் சொன்ன நாளில் ஊருக்குப் புதிதாக வந்த தபால்காரன் வாசலில் நிற்கிறான். உடுப்பும் தொப்பியுமாக இருப்பவனை மாப்பிள்ளை என்று நினைத்து உள்ளே இழுத்துக்கொண்டு போய் விருந்து வைக்கிறார்கள். பசியில் அவனும் சாப்பிட்டுவிடுகிறான். சாப்பிட்டு நிமிரும்போது பெண்ணைப் பார்க்கிறான். பிறகு உண்மையை எப்படிச் சொல்வது? உண்மையான மாப்பிள்ளை வந்து இறங்கும்போது அவனைத் தபால்காரன் என்று வெளியே நிற்கவைக்கிறார்கள். மேடையில் பாட்டும் வசனமுமாகச் சிரிக்கவைத்ததை, பேச்சே இல்லாமல் எப்படி எடுத்திருப்பார்கள் என்று எனக்குத் தீராத ஆசை. ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை என்பது எல்லோரும் ஒப்புக்கொண்ட விஷயம்.

ஆனாலும் அதைப் பற்றித் தகவல் கேட்டு அறிவிப்புக் கொடுத்திருந்தேன். அப்போதுதான் திண்டிவனத்திலிருந்து ஒரு தொலைபேசி அழைப்பு வந்தது. பேசியவர் செலின் டீச்சர். பள்ளிக்கூடத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், எழுபதைத் தாண்டிய வயது.

“சார், நீங்க தேடிக்கினு இருக்கீங்களே அந்தப் படம், அதுல நடிச்ச பொண்ணு எங்கம்மா. எங்க வீட்டுப் பரண்ல ஒரு டப்பா இருக்குது.”

மறுநாள் காலை நான் திண்டிவனத்தில் இருந்தேன்.

டீச்சரின் அம்மா பெயர் அமலோற்பவம். கூலி வேலை செய்த குடும்பம். நன்றாகப் பாடுவார் என்று நாடகக் கம்பெனியில் சேர்த்துவிட்டார்கள். நாடகத்தில் அவர்தான் அந்தப் பெண். படம் எடுத்தபோதும் அவரையே அழைத்துப்போனார்கள். அந்த ஒரு படம்தான். பிறகு விழுப்புரத்தில் ஒரு கூடாரக் கொட்டகையில் படம் ஓட்டிக்கொண்டிருந்தவரைக் கல்யாணம் செய்துகொண்டார். பேசும் படம் வந்ததும் பேசாப் படங்களை எடைக்குப் போட்டார்கள். அந்தக் குவியலிலிருந்து, மனைவி இருக்கும் கடைசிச் சுருளை மட்டும் அவர் எடுத்து வைத்துக்கொண்டார். அவரும் சீக்கிரமே இறந்துபோனார். அமலோற்பவம் ஒரு விடுதியில் சமையல் வேலை செய்து மகளைப் படிக்கவைத்தார்.

“அம்மா சினிமாவப் பத்தி வாயே தொறக்க மாட்டாங்க” என்றார் டீச்சர். “ஆனா ஊரு தொறக்கும். கூத்தாடின்னும். இன்னும் மோசமாவும் சொல்லும். மாதா கோயில்ல அம்மா எப்பவும் வாசப் பக்கத்துல கடைசியாதான் உக்காருவாங்க. நான் பிள்ளைங்களோட முன்னாடி உக்காருவேன். திரும்பிப் பாக்க மாட்டேன்.”

சொல்லிவிட்டு டப்பாவைத் தன் மடியை நோக்கி இழுத்துக்கொண்டார். சமையலறைக்கு மேலே பரணில், அத்தனை கோடைகளின் வெக்கையிலும் அது கிடந்திருக்கிறது. மூடியைத் திறந்ததும் கண்ணைக் கரிக்கும் நெடி வந்தது. சுருளின் பெரும்பகுதி பழுப்புப் பொடியாகியிருந்தது. நடுவில் கொஞ்சம், தேன் பூசியதுபோல ஒட்டிக்கொண்டு, இன்னும் படமாக இருந்தது. அந்தக் காலத்துப் படச்சுருள் ஒரு பொறி பட்டால் போதும், வீட்டையே எரித்துவிடும். அடுப்பை அணைக்கச் சொன்னேன். டீச்சரின் மகன் சேவியர் ஓடிப்போய் அணைத்தார். புதுச்சேரியில் ஒரு கம்பெனியில் வேலை செய்பவர், அன்று விடுப்பு எடுத்துக்கொண்டு வீட்டில் இருந்தார்.

“எடுத்துக்கினு போங்க சார்” என்றார் டீச்சர். “ஆனா ஒண்ணு. அதுல என்னா இருக்குதுன்னு நான் இதுவரைக்கும் பாத்ததில்ல. அம்மா என்னா பண்ணாங்கன்னு ஊரே சொல்லுச்சு, நான் பாக்கல. நான்தான் மொதல்ல பாக்கணும். அதுக்கு முன்னாடி வெளியில யாருக்கும் சொல்லக் கூடாது. செய்வீங்களா?”

“கண்டிப்பா டீச்சர்” என்றேன். அவர் இன்னொரு முறை கேட்கவில்லை. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் சொன்ன வார்த்தையை நம்பியே பழகியவர்.

சென்னைக்குத் திரும்பிய பிறகு ஒவ்வொரு நாளும் எனக்குப் பதற்றம்தான். சுருள் கெட்டுக்கொண்டே போனது. அதைப் பிரித்துப் பிரதி எடுக்கும் வசதி எங்களிடம் இல்லை, வெளியே அனுப்ப வேண்டும். மேலதிகாரி, “இந்த நெலமையில இருக்கிற ஒரு துண்டுக்கு அனுமதி கேட்டா என்னைப் பாத்துச் சிரிப்பாங்க. கொஞ்சம் பொறுங்க” என்றார். சுருளோ பொறுக்கிற நிலையில் இல்லை.

இதற்கு நடுவில் படத்தைப் பற்றி ஏதாவது தெரிந்தவர்கள் இருக்கிறார்களா என்று விழுப்புரம் பக்கம் விசாரித்துக்கொண்டிருந்தேன். கண்டமங்கலத்தில் ஒரு பெரியவர் கிடைத்தார். அவருடைய அப்பா அதே கூடாரக் கொட்டகையில் சீட்டு கிழித்தவர். பெரியவர் வாசலில் மல்லாட்டைக் கடலை உரித்துக்கொண்டே பேசினார்.

“எங்கப்பாரு சொல்லிக்கினே இருப்பாரு. கடைசியில அந்தப் பொண்ணு, தபால்காரன் நெத்தியில வச்சா பாரு ஒண்ணு! கொட்டாயே அதிர்ந்து பூடுச்சின்னுவாரு. திரும்பத் திரும்ப அதப் பாக்கறதுக்குன்னே ஜனம் வந்துச்சாம்.”

நெற்றியில் வைத்தாள் ஒன்று. வேறு என்னவாக இருக்க முடியும்? திரும்பிவரும் பேருந்திலேயே என் மனதில் அந்தக் காட்சி முழுசாக எடுத்து முடிந்துவிட்டது. முத்தம்தான். அதனால்தான் ஊர் அந்த அம்மாவை அப்படிப் பேசியிருக்கிறது. அதனால்தான் அவர் வாயே திறக்கவில்லை. எல்லாம் பொருந்தியது. பொருந்துகிறது என்பதே எனக்குப் போதுமானதாக இருந்தது. தொலைந்த படத்தில் இது ஒரு பெரிய ஆபத்து. அது இல்லாததால் நம்மை மறுத்துப் பேசாது. நாம் எதை வைத்தாலும் வாங்கிக்கொள்ளும்.

அந்த வாரம் ஒரு பத்திரிகையாளர் கூப்பிட்டார். எப்படியோ மோப்பம் பிடித்திருந்தார். “உண்மையிலேயே கிடைச்சிருச்சா சார்?” என்றார். நான் ‘இப்போது சொல்வதற்கில்லை’ என்று வைத்திருக்கலாம். காலையில்தான் மேலதிகாரி மறுபடியும் கையை விரித்திருந்தார். செய்தி வந்தால் மேலிடம் அசையும் என்று எனக்குத் தெரியும். எந்த மாதிரிச் செய்தி வந்தால் வேகமாக அசையும் என்பதும் தெரியும்.

“கிடைச்சிருக்கு. கடைசிக் காட்சியில ஒரு முத்தம் இருக்கு” என்றேன்.

“நீங்க பாத்தீங்களா?”

“இருக்கு” என்றேன்.

கேட்ட கேள்விக்கு அது பதில் இல்லை. அவரும் அதைக் கவனித்திருப்பார், வற்புறுத்தவில்லை. யார் வீட்டில் கிடைத்தது என்று கேட்டார். பெயர் வேண்டாம் என்று சொல்லிவிட்டு, “திண்டிவனத்துல ஒரு ஓய்வு பெற்ற டீச்சர் வீடு. அவங்கம்மாதான் கதாநாயகி” என்றேன். பெயரைச் சொல்லாமல் காப்பாற்றிவிட்டதாக வேறு நினைத்துக்கொண்டேன். திண்டிவனத்தில் அதற்கு மேல் அடையாளம் எதற்கு?

செய்தி பெரிதாக வந்தது. ‘திண்டிவனத்துப் பரணில் கிடைத்த முத்தம்’ என்று தலைப்பு. மேலிடத்தில் உடனே அசைந்தார்கள், அனுமதி வந்தது, சுருள் போனது. இதை நான் உங்களிடம் மறைக்கக் கூடாது. அந்தப் பொய் இல்லாவிட்டால் அந்தச் சுருள் எங்கள் அலமாரியிலேயே பொடியாகியிருக்கும். ‘அப்படியானால் செய்தது சரிதானே’ என்று உங்களில் யாராவது கேட்கலாம். அதற்கு முன் சேவியர் கேட்டதையும் கேளுங்கள்.

செய்தி வந்து சில நாள் கழித்து அவர் வீட்டிலிருந்து அழைப்பு வந்தது. டீச்சர் பேசவில்லை. மகன்தான் பேசினார்.

“என்னா சார் பண்ணி வச்சிருக்கீங்க? நீங்க யாருகிட்டயும் சொல்ல மாட்டேன்னு எங்கம்மாகிட்ட சொன்னீங்களா இல்லியா?”

“தம்பி, சுருளைக் காப்பாத்தறதுக்கு…”

“சுருள உடுங்க சார். எங்கம்மாவ யாரு காப்பாத்துறது? டீக்கடையில ஒருத்தன் என்னைப் பாத்து உதட்டக் குவிச்சிக் காட்றான். என் பொண்ணு போனுக்கு அத அனுப்பி, கீழ சிரிப்பு பொம்மையாப் போட்டிருக்கானுங்க. பேஜாரா பூடுச்சி சார். ஞாயித்துக்கிழம கோயில்ல பைபிள் வாசகம் படிக்கறது எங்கம்மாதான். எத்தினி வருஷமா படிக்கறாங்க. இந்த வாரம் படிக்கல. யாரும் வேணாம்னு சொல்லல சார். பங்குச் சாமியாரே வந்து கூப்பிட்டாரு. அவங்களே போவல. எழுந்து போயி வாசப் பக்கத்துல உக்காந்துகினாங்க.”

மன்னிப்புக் கேட்டேன். ஃபோனில் கேட்கும் மன்னிப்பு எவ்வளவு மெலிந்தது என்பதை அன்று தெரிந்துகொண்டேன். நேரில் வருகிறேன் என்றேன். “வராதீங்க சார். இப்ப வந்தா அதுக்கும் தெருவே வேடிக்க பாக்கும்” என்று வைத்துவிட்டார்.

அதன்பின் வந்த மாதங்களில் என்னைப் பலரும் பாராட்டினார்கள். கருத்தரங்குகளுக்குக் கூப்பிட்டார்கள். இரண்டு மூன்று இடங்களில் போய்ப் பேசவும் செய்தேன் என்பதுதான் இன்னும் கேவலம். முத்தத்தைப் பற்றிக் கேட்டால் சிரித்து மழுப்பினேன். வீடு திரும்பும் வழியில் எனக்கே என் குரல் காதில் கேட்டுக்கொண்டிருக்கும்.

பிரதி வந்தது. சுருளில் மிஞ்சியது ஒரு நிமிடம்கூட வராது. எங்கள் சோதனைக்கூடத்தில் வேலை பார்த்த சக பணியாளர் ஒருவர்தான் அதை முதலில் ஓட்டிப் பார்த்தார். மற்றவர்கள் வருவதற்கு முன்பாக என்னைக் கூப்பிட்டார். நான் உள்ளே போனபோது திரையை நிறுத்தி வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

“முத்தம் எங்க சார் இருக்கு?” என்றார். கேலியாகக் கேட்கவில்லை. எங்கேயாவது தவறவிட்டுவிட்டோமோ என்று உண்மையான கவலையோடு கேட்டார். அந்தக் கவலையை என்னால் தாங்க முடியவில்லை.

டீச்சர்தான் முதலில் பார்க்க வேண்டும் என்று கேட்டிருந்தது நினைவுக்கு வந்தது. ஆனாலும் ஓட்டச் சொன்னேன்.

கிணற்றடியில் தபால்காரன் நிற்கிறான். எல்லாம் வெளிப்பட்டுவிட்டது, ஊரைவிட்டே போகப்போகிறான். பெண் வருகிறாள். அவன் தொப்பியை எடுத்துத் தன் தலையில் வைத்துக்கொள்கிறாள். அவன் பையைத் துழாவுகிறாள். அவன் கண்ணை மூடிக்கொண்டு முகத்தை நீட்டுகிறான். முத்தத்துக்குத்தான் நீட்டுகிறான், எனக்குச் சந்தேகமே இல்லை. கொட்டகையில் இருந்த அத்தனை பேரும் மூச்சைப் பிடித்திருப்பார்கள். அவள் பைக்குள்ளிருந்து தபால் முத்திரைக் கட்டையை எடுத்து, மையில் ஒற்றி, அவன் நெற்றியில் ஓங்கி ஒன்று வைக்கிறாள். நெற்றி நடுவில் கறுப்பாக வட்டம். இனி இவன் எங்கேயும் போக முடியாது, போய்ச் சேர வேண்டிய இடத்துக்கு வந்துவிட்டான். அவள் சிரிக்கிறாள். தலையைப் பின்னால் சாய்த்து, பல் தெரிய, இரண்டு கைகளாலும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு. அந்தச் சிரிப்பின் பாதியில் படம் பொங்கிக் கரைந்துவிடுகிறது.

“நெத்தியில வச்சா பாரு ஒண்ணு.” பெரியவர் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார்.

அன்றிரவு எனக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. ஆனால், இப்போது சொல்ல வெட்கமாக இருக்கிறது, உள்ளுக்குள் ஒரு நிம்மதியும் இருந்தது. முத்தம் இல்லை. டீச்சரிடம் போய்ச் சொல்ல என் கையில் நல்ல செய்தி இருக்கிறது. பத்திரிகையில் மறுப்புப் போட வைக்கலாம். எல்லாவற்றையும் சரிக்கட்டிவிடலாம். அந்த நிம்மதியோடுதான் சேவியரிடம் அனுமதி வாங்கிக்கொண்டு திண்டிவனத்துக்குப் புறப்பட்டேன்.

டீச்சர் இளைத்திருந்தார். “வாங்க சார்” என்று நாற்காலி போட்டார். நீர் மோர் கொடுத்தார். நான் தொடங்கிய மன்னிப்பைக் கையைக் காட்டி நிறுத்தினார். “மொதல்ல படத்தக் காட்டுங்க.”

மடிக்கணினியைத் திறந்து வைத்தேன். சேவியரும் அவர் மகளும் பின்னால் நின்றார்கள். படம் ஓடியது. முத்திரை விழுந்ததும் பேத்தி களுக்கென்று சிரித்துவிட்டாள். டீச்சர் அசையவில்லை. “இன்னொரு வாட்டி” என்றார். போட்டேன். “இன்னொரு வாட்டி.” அதற்குமேல் நான் பொத்தானில் கை வைக்கவில்லை, அவரே அழுத்தப் பழகிக்கொண்டார்.

“இந்தச் சிரிப்ப நான் பாத்ததே இல்ல” என்றார் கடைசியில். “எங்க வீட்டுல அம்மா சிரிச்சதே இல்லன்னு இல்ல. இப்பிடிச் சிரிச்சதில்ல.” பிறகு தன் நெற்றியைத் தொட்டுக்கொண்டார். “ஆனா இது தெரியும். வெளிய கௌம்பும்போது நெத்தியில சிலுவ போட்டு உடுவாங்க. எல்லா அம்மாவும் பூப்போல போடுவாங்க. எங்கம்மா கட்ட வெரல வச்சு இப்பிடித்தான் அழுத்துவாங்க. வலிக்கும். டீச்சர் ட்ரெயினிங்குக்குப் போவும்போது இந்த பஸ் ஸ்டாண்டுல வந்து போட வந்தாங்க. கூடப் படிக்கிற பொண்ணுங்க நின்னுகினு இருந்துச்சுங்க. நான் தலையத் திருப்பிக்கினேன் சார். அவங்க வெரலு அப்பிடியே நின்னுச்சு.”

சேவியர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். நான் அந்த நேரத்தில் சும்மா இருந்திருக்க வேண்டும். வாயை மூடிக்கொண்டு இருப்பதுதான் அந்த நேரத்துக்குரிய தொழில்திறமை. ஆனால் நான் கொண்டுவந்த நல்ல செய்தியைச் சொல்லாமல் இருக்க என்னால் முடியவில்லை.

“டீச்சர், நீங்களே பாத்துட்டீங்க. முத்தம் கிடையாது. தப்பா ஒண்ணுமே கிடையாது. பத்திரிகையில மறுப்புப் போடச் சொல்லிட்டேன். அம்மா பேருக்கு வந்த களங்கம்…”

டீச்சர் என்னைப் பார்த்தார். வகுப்பில் ஒரு பையன் மனப்பாடமாக ஒப்பித்ததைத் தவறு என்று கண்ட பார்வை.

“இருந்திருந்தா?”

“என்ன டீச்சர்?”

“முத்தம் இருந்திருந்தா என்னா சார் பண்ணியிருப்பீங்க? அப்ப எங்கம்மா களங்கமா?”

நான் மடிக்கணினியை மூடக் கை நீட்டினேன். டீச்சர் தடுத்தார்.

“அவங்க பண்ணது வேல. நாடகத்துல பண்ணாங்க, படத்துல பண்ணாங்க. அந்த ஜனத்தச் சிரிக்க வச்சாங்க. முத்தம் குடுக்கிற வேலயா இருந்தா அதையும் ஒழுங்காப் பண்ணியிருப்பாங்க.” மெதுவாகத்தான் பேசினார். “நானும் இத்தினி வருஷமா இதத்தான் சார் நெனச்சுக்கினு இருந்தேன். அதுல ஒண்ணும் இருக்கக் கூடாது, ஒண்ணும் இருக்கக் கூடாதுன்னு. அதுக்குதான் பாக்கணும்னு உங்களக் கூப்பிட்டேன். ஒண்ணும் இல்லன்னா அம்மா நல்லவங்கன்னு நெனக்கலாம்னு. இப்ப நீங்க அத சொல்லும்போதுதான் கேக்கறதுக்கு எவ்ளோ அசிங்கமா இருக்குதுன்னு தெரியுது.”

நானும் அவரும் ஒரே விஷயத்துக்காகத்தான் வெட்கப்பட்டுக்கொண்டிருந்தோம். அவர் அதைத் தாண்டிப் போய்விட்டார். நான் அப்போதுதான் அதற்குள் நுழைந்துகொண்டிருந்தேன். செய்தியில் பொய் சொன்னது என் தவறு என்று நினைத்து வந்தேன். அந்தப் பொய்யைவிட அடியில், ஊர் பேசிய அதே பேச்சை நானும் நம்பியிருந்தேன் என்பது எனக்குத் தெரியாமலே இருந்திருக்கிறது. முத்தம் என்றதும் ‘அதனால்தான் அந்த அம்மா வாயைத் திறக்கவில்லை’ என்று எனக்கு உடனே பொருந்தியது ஏன்? அவரை அவமானப்பட வேண்டியவராக நானும் கண்டதனால்தானே.

“மறுப்பெல்லாம் வேணாம் சார்” என்றார் டீச்சர். “விழுப்புரத்துல படத்தப் போடப்போறீங்களாமே. போடுங்க. ஆனா நீங்க மேடையில எதுவும் பேசக் கூடாது. அது பேசாப் படம்தானே? அது மட்டும் ஓடட்டும்.”

“நீங்க வருவீங்களா டீச்சர்?”

“அத நான் பாத்துக்கறேன்.”

வாசல்வரை சேவியர் வந்தார். அவர் முகத்தில் கோபம் இல்லை, ஆனால் கையும் நீட்டவில்லை. நானும் எதிர்பார்க்கவில்லை.

விழுப்புரத்தில் ஒரு கல்லூரி அரங்கில் திரையிட்டோம். என்னைப் பேசச் சொல்லி அழைப்பிதழில் பெயர் போட்டிருந்தார்கள். அமைப்பாளர்களிடம் முடியாது என்றேன். உடம்பு சரியில்லையா என்று கேட்டார்கள். இல்லை, பேசுவதற்கு எனக்கு உரிமை இல்லை என்றேன். அவர்களுக்குப் புரியவில்லை. நான் விளக்கிச் சொல்லவும் இல்லை. விளக்கை அணைத்துவிட்டு நேராகப் படத்தைப் போட்டார்கள். படத்தோடு யாரும் எதையும் வாசிக்கவில்லை, வாத்தியமும் இல்லை. முகத்தை நீட்டிக்கொண்டு தபால்காரன் நின்றபோது மாணவர்கள் விசிலடித்தார்கள். முத்திரை விழுந்ததும் அரங்கம் வெடித்துச் சிரித்தது. நான் சுவரோரம் நின்று அதைக் கேட்டேன். கண்டமங்கலத்துப் பெரியவரின் அப்பா சொன்ன அதே அதிர்வு.

சிரிப்பு அடங்கி விளக்குப் போட்டபோதுதான் டீச்சரைப் பார்த்தேன். மகனோடும் பேத்தியோடும் நடுவரிசையில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் இருந்த, அவரை யாரென்றே தெரியாத ஒரு கல்லூரிப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டே அவரிடம் குனிந்து, “செம காமெடில்ல பாட்டி, யாரு அந்தப் பொண்ணு?” என்று கேட்டாள்.

டீச்சர் நிமிர்ந்து உட்கார்ந்தார். முன்வரிசைக்கும் கேட்கும்படி, வாசகம் படிக்கிறவர்களின் தெளிவான குரலில் சொன்னார்:

“எங்கம்மா.”